மடாதிபதிக்கு ஒரு விரிசல்

நல்ல பலகையைக் கெடுப்பது எவ்வளவு கஷ்டமான வேலை என்று கிலியானுக்கு அன்று காலையில்தான் தெரிந்தது. பியானோத் தந்திகளுக்கு அடியில் பூட்டும் ஒலிப்பலகை பட்டறை மேசைமேல் மல்லாந்து கிடந்தது. மலைச்சரிவு மரம். ரேகைகள் படிய வாரிய தலைமயிர்போல நெருக்கமாக ஓடின. கனம் ரொட்டியின் மேல்தோல் அளவுதான். இடது உள்ளங்கையால் அதை அமுக்கிக்கொண்டு, மெல்லிய ரம்பத்தின் நுனியை ரேகையோடு வைத்து, அவன் ஒரு விரிசலை உண்டாக்கிக்கொண்டிருந்தான்.

ரம்பம் நேராகப் போயிற்று. வருஷக்கணக்கில் நேராக அறுத்தே பழகிய கை அது. ஆனால் விரிசல் நேராகப் போகக் கூடாது. கொஞ்சம் தயங்க வேண்டும், கொஞ்சம் விலக வேண்டும், முடிந்த இடம் தெரியாமல் முடிய வேண்டும். கிலியானுக்கு நெற்றி வியர்த்தது. வெளியே முற்றத்தில் முழங்கால் உயரத்துக்குப் பனி கிடந்தது.

பக்கத்து மேசையில் பெட்டிக்கு மெருகு ஏற்றிக்கொண்டிருந்த வெண்டலின் எட்டிப் பார்த்தான். பட்டறையில் மூத்தவன் அவன். பல் போன அளவுக்கு வாய் போகவில்லை.

"டேய், இது விரிசல் மாதிரி இல்ல, வரப்பு மாதிரி இருக்கு. ரெண்டு பக்கமும் முட்டைக்கோஸ் நடலாம்."

"நீங்க வேணா வந்து அறுங்கண்ணே."

"நான் எதுக்கு? எனக்கென்ன கல்யாணமா காத்துக்கிட்டு இருக்கு?"

கிலியான் ரம்பத்தை எடுத்து ஊதிவிட்டு அடுத்த கோட்டுக்குப் போனான்.

விரிசலுக்கு இந்த மரியாதை வந்தது மெல்கியோர் பிரெஸ்டலால். தெற்கே ஒரு பெரிய ஊர்ப் பட்டறையில் வேலை பார்த்த காலத்தில் அவர் ஒரு முறையைக் கண்டு வந்திருந்தார். ஒலிப்பலகையை இழைத்ததும் உள்ளே பூட்டுவதில்லை. முற்றத்தில் தொங்கவிட்டு விடுவது. வெயில் காயும், மழை நனைக்கும், பனி உறையும். ஒரு வருஷமோ அதற்கு மேலோ போனால் பலகை எங்கெங்கே பலவீனமோ அங்கங்கே வெடிக்கும். வெடித்த இடத்தில் மெல்லிய மரச் சிம்புகளைச் செருகி வச்சிரப் பசை ஊற்றி ஒட்டிவிட்டால், இனி வெடிக்க அதில் ஒன்றும் மிச்சம் இராது. அப்புறம் அது எந்த மாளிகையின் எந்தச் சூட்டுக்கும் அசையாது. நியாயமான முறை. நாள் பிடிக்கும் என்பது ஒன்றுதான் அதில் குறை.

இதை ஊரை ஆளும் மடாதிபதியின் அரண்மனை ஆலோசகர் ஃபோன் லிண்டாக் ஒருநாள் கேட்டுவிட்டார். பிரபுக்களுக்கு உரிய அந்த 'ஃபோன்' பட்டம் அவர் பெயருக்கு முன்னால் வந்து சேர்ந்து சில வருஷங்கள்தான் ஆகியிருந்தன. அதனால் அதை அவர் எங்கேயும் விட்டுவிட்டு வருவதில்லை. பியானோ வாசிக்கத் தெரியாது, ஆனால் ரசிக்கத் தெரியும் என்று ஊரில் பேர் வாங்கியவர். விருந்து வீடுகளில் பியானோவின் மூடியைத் தூக்கி, மூக்குக்கண்ணாடியைப் பிடித்துக்கொண்டு, ஒட்டிய விரிசல்களை ஒவ்வொன்றாக எண்ணுவார். நாலு என்றால் உதட்டைப் பிதுக்குவார். ஆறு என்றால் தலையாட்டுவார். அவரைப் பார்த்து மற்றவர்களும் எண்ண ஆரம்பித்தார்கள். சீமாட்டிகள் வாசிப்பைக் கேட்கும் முன்பே விரிசலைக் கேட்டார்கள். கடைசியில் விரிசல் இல்லாத பியானோ தகப்பன் பெயர் தெரியாத பிள்ளைபோல ஆகிவிட்டது.

மடாதிபதி பட்டத்துக்கு வந்து இருபத்தைந்து வருஷம் நிறைவதை மெழுகுவத்தித் திருநாளுக்கு முந்தின நாள் கொண்டாடுவதாக ஏற்பாடு. அவருடைய ராஜ்யம் இரண்டு பள்ளத்தாக்கு, ஒரு பீர் ஆலை, ஒரு தூக்குமேடை. தூக்குமேடைக்கு வெகு காலமாக வேலை இல்லை. பீர் ஆலை ஒருநாளும் நின்றதில்லை. கொண்டாட்டத்துக்கு மடத்து மண்டபத்தில் ஒரு பியானோ வேண்டும், விரிசல் ஏழுக்குக் குறையக் கூடாது என்று லிண்டாக் சொல்லி அனுப்பியிருந்தார்.

முறைப்படி வெடித்து ஒட்டிய பலகை பட்டறையில் ஒன்றே ஒன்று இருந்தது. அதைப் பிரெஸ்டல் கிறிஸ்துமஸுக்கு முன்பே ஓர் உப்பு வியாபாரிக்குப் பூட்டிக் கொடுத்துவிட்டார். முற்றத்தில் தொங்கிய இன்னொன்று இலையுதிர் காலத்தில்தான் வெளியே போனது. பிடிவாதமாக அது இன்னும் ஒரு கீறல்கூட விடவில்லை. மிச்சம் இருந்தது மர ஆலையிலிருந்து புதிதாக வந்த இந்தப் பலகை.

பிரெஸ்டல் மேல் அங்கியின் பொத்தானைப் போட்டுக்கொண்டே பட்டறைக்குள் வந்தார். குனிந்து பார்த்தார். விரலால் தடவினார்.

"மூணாவது கொஞ்சம் இயற்கையா இருக்கு. முதல் ரெண்டையும் கத்தி வச்சுப் பிசிறு பண்ணு. வெடிச்ச மரம் அழுதுட்டு நிக்கற மாதிரி இருக்கணும், புரியுதா?"

கிலியான் பலகையைக் கன்னத்தோடு வைத்துப் பார்த்திருந்தான். சில்லிட்டிருந்தது. தட்டினால் மொத்தென்று சொன்னது.

"மொதலாளி, இதுல ஈரம் இருக்கு. மடத்து மண்டபத்துல ரெண்டு கணப்பு எரியும். தாங்காது. நெசமாவே வெடிச்சுடும்."

"ஈரம் இருந்தா அடுப்புப் பக்கம் வச்சு காய வை."

"அவசரமா காஞ்சா இன்னும் மோசம்."

பிரெஸ்டல் நிமிர்ந்தார். கோபப்படவில்லை. அவர் கோபப்படாமல் பேசும்போதுதான் பட்டறையில் இழைப்புளிச் சத்தம் நிற்கும்.

"கிலியான், திருநாள் முடிஞ்ச மறுநாள் நான் மடத்து அலுவலகத்துக்கு வர்றதா சொன்னேனா இல்லையா?"

"சொன்னீங்க."

"எதுக்கு?"

"எனக்காக வாக்குக் குடுக்க."

"அப்ப அறு" என்று சொல்லிவிட்டுப் போய்விட்டார்.

சொந்த வீடு வாசல் இல்லாத தொழிலாளி அந்த ஊரில் கல்யாணம் செய்ய வேண்டுமானால் மடத்து அலுவலகம் சம்மதிக்க வேண்டும். அதற்கு அவனுடைய முதலாளி நேரில் வந்து, இவனுக்கு என்னிடம் நிலையான வேலை உண்டு, இவன் குடும்பம் ஊருக்குப் பாரமாக வராது என்று சொல்ல வேண்டும். கிலியான் இரண்டு வருஷமாகக் கேட்டுக்கொண்டிருந்தான். பார்க்கலாம், பார்க்கலாம் என்றே பிரெஸ்டல் நாளை ஓட்டினார். விரிசல் அறுக்க ஆள் தேவைப்பட்ட வாரத்தில்தான் அவருக்குச் சட்டென்று மனம் இளகியது.

இளகிய மனம் இறுகுவதற்குள் காரியம் ஆக வேண்டும். ஏனென்றால் அஃப்ராவுக்கு நாலாம் மாதம்.

அது இன்னும் யாருக்கும் தெரியாது. அஃப்ரா அந்த வீட்டிலேயே வேலை பார்த்தாள். பாதி நாள் சமையல்கட்டில், பாதி நாள் ஜன்னலோரம் உட்கார்ந்து பியானோச் சுத்தியல்களுக்கு மான்தோல் ஒட்டுவாள். கொட்டைப்பாக்கு அளவுகூட இல்லாத தலைகள். ஒவ்வொன்றுக்கும் தோலை நறுக்கி, இழுத்து, வச்சிரம் தடவி, நூலால் கட்டிக் காய வைக்க வேண்டும். அவள் ஒட்டிய தோலில் சுருக்கம் விழாது. ஆனால் இந்தக் குளிர்காலத்தில் வச்சிரப் பானையைச் சூடு பண்ணினாலே அவளுக்குக் குடல் மேலே வந்தது. தோலும் எலும்பும் காய்ச்சின அந்த வாடையை வருஷக்கணக்கில் அவள் கவனித்ததே இல்லை. இப்போது ஒரு துண்டுக் கருப்பு ரொட்டியை வாயில் அதக்கிக்கொண்டு மூச்சைப் பிடித்தபடி ஒட்டினாள்.

கிலியான் மத்தியானம் பசைப் பானை நிரப்பும் சாக்கில் உள்ளே போனான். அவள் தலை நிமிராமலே பேசினாள்.

"பெரியம்மா நேத்து என்னையே பாத்துக்கிட்டு நின்னா. இத்தன வருஷமா ஒத்துக்கிட்ட நாத்தம் இப்ப ஏன்டி ஒத்துக்கலன்னா."

"நீ என்ன சொன்ன?"

"பல்லு வலின்னேன். எத்தன நாளைக்குப் பல்லு வலிக்கும்?"

"திருநாளோட முடிஞ்சுது. மறுநாள் வர்றேன்னு வாயால சொன்னாரு."

"பலகை?"

கிலியான் பசையைக் கிளறினான்.

"வெடிக்குமா?" என்றாள் அஃப்ரா.

"மண்டபத்துல எவ்வளவு விறகு போடறாங்கன்னு பொறுத்து."

அவள் நூலைப் பல்லால் கடித்து அறுத்தாள். "அப்ப நம்ம பொழப்பு அடுப்பு ஊதறவன் கையில இருக்கு."

பெரியம்மா, அதாவது பிரெஸ்டலின் மனைவி, வாசல்படியில் வந்து நின்றாள். கிலியான் பானையைத் தூக்கிக்கொண்டு நகர்ந்தான்.

*

கொண்டாட்டத்தன்று பியானோவைச் சறுக்கு வண்டியில் வைக்கோல் சுற்றி மடத்துக்குக் கொண்டுபோனார்கள். வெண்டலினும் கிலியானும் பட்டைகளைத் தோளில் மாட்டிப் படியேற்றினார்கள். கால்களைப் பூட்டி, தந்திகளுக்குச் சுருதி கூட்டி முடிந்ததும் வெண்டலினைத் திருப்பி அனுப்பிவிட்டார்கள். நடுவில் சுருதி இறங்கினால் ஏற்றுவதற்குக் கிலியான் மட்டும் சுவரோரம் நிற்கலாம், கண்ணில் படாமல் நிற்க வேண்டும் என்று உத்தரவு.

மண்டபத்தின் இரண்டு மூலையிலும் பச்சை ஓடு பதித்த கணப்புகள் ஆளுயரத்துக்கு நின்றன. மடாதிபதிக்கு மூட்டுவாதம். அவர் வரும் முன்பே அறை பேக்கரிபோலச் சூடாகியிருந்தது. கிலியான் பியானோவின் மூடிக்குள் கையை விட்டுப் பார்த்தான். பலகை மேல்பக்கம் வெதுவெதுப்பாக இருந்தது. அடியில் இன்னும் சில்லிப்பு.

கணப்புக்கு விறகு போடுகிற வாய் மண்டபத்தில் இல்லை. சுவருக்குப் பின்னால் நடைபாதையில் இருந்தது. பெரிய மனிதர்களின் கண்ணுக்குச் சாம்பல் தெரியக் கூடாது என்று கட்டியது. கிலியான் பக்கக் கதவு வழியாக நழுவிப் போனான். அங்கே ஒரு கிழவன் முக்காலியில் உட்கார்ந்து பிர்ச் கட்டைகளை ஒவ்வொன்றாக உள்ளே தள்ளிக்கொண்டிருந்தான்.

கொஞ்சம் குறைத்துப் போடச் சொல்லிக் கிலியான் கேட்டான். கிழவன் காதில் கையை வைத்தான். கிலியான் மறுபடி சொன்னான்.

"பெரிய சுவாமிக்குக் கால் குளிரும்."

"ஒரு மணி நேரத்துக்கு மட்டும் தாத்தா. உள்ள ஒரு பெட்டி இருக்கு, சூடு ஆகாது அதுக்கு."

கிழவன் அவனை மேலும் கீழும் பார்த்தான். "பெட்டிக்குச் சூடு ஆகாதுன்னா பெட்டிய வெளிய வையி. நான் சுவாமிய வெளிய வைக்க முடியுமா?" என்று இன்னொரு கட்டையைத் தள்ளினான்.

கிலியான் திரும்பி வந்தபோது மண்டபம் நிறைந்துவிட்டது. மடாதிபதி கால்களை ஓநாய்த் தோலுக்குள் திணித்துக்கொண்டு முன்வரிசையில் அமர்ந்திருந்தார். குண்டான, சாதுவான மனிதர். பெரும்பாலும் தூக்கக் கலக்கத்திலேயே ஆட்சி நடத்தியவர். பக்கத்தில் பிரெஸ்டல் இரவல் வாங்கிய பட்டுக் காலுறையில், இடுப்பை மடித்தவாறே நின்றார். லிண்டாக் பியானோவின் மூடியை உயர்த்தினார்.

முதலில் பேச்சு. மரம் மனிதனைப் போன்றது என்றார் லிண்டாக். துன்பத்தில் உடையாத ஆத்மா இசையை அறியாது என்றார். ஏழைக்குப் பனியும் மழையும் ஆண்டவன் கொடுத்த பள்ளிக்கூடம், அதுபோலவே இந்தப் பலகைக்கும் என்றார். இனி இது ஒருநாளும் வெடிக்காது, சத்தியம் என்றார். இதைச் சொல்லும்போது அவர் கழுத்தில் நரித்தோல் சுற்றியிருந்தது. பிறகு மூக்குக்கண்ணாடியைத் தூக்கி எண்ணினார். ஒவ்வோர் எண்ணுக்கும் பின்வரிசையில் பெருமூச்சு விட்டார்கள். ஏழு என்று முடித்ததும் கை தட்டினார்கள்.

மூன்றாவதை விரலால் காட்டி, "இதைப் பாருங்கள் சுவாமி. எந்த மனிதக் கைக்கும் இப்படி ஒரு கோடு வராது" என்றார்.

கிலியான் தன் கைகளை முதுகுக்குப் பின்னால் கட்டிக்கொண்டான்.

மடத்தில் ஆர்கன் வாசிக்கும் இளம் சுவாமியார் உட்கார்ந்து வாசிக்க ஆரம்பித்தார். நன்றாகவே வாசித்தார். கிலியானுக்கு ஒன்றும் கேட்கவில்லை. அவன் காது பலகையோடு ஒட்டிக்கொண்டிருந்தது. பாட்டுக்கு அடியில், கூரை ஓட்டில் எலி நடப்பதுபோல டிக், டிக் என்று ஒரு சத்தம். மரம் இறுகுகிறது. இன்னும் அரைமணி தாங்கினால் போதும். அப்புறம் ஜன்னலைத் திறப்பார்கள், எல்லாரும் சாப்பிடப் போவார்கள், இரவோடு இரவாகப் பலகை மூச்சு விட்டுக்கொள்ளும். அவன் மனதுக்குள் மாதாவிடம் பேரம் பேசினான். சுவருக்குப் பின்னால் கிழவன் இன்னொரு கட்டையைத் தள்ளுவது கேட்டது.

பிரெஸ்டலுக்கும் கேட்டிருக்க வேண்டும். அவர் திரும்பிக் கிலியானைப் பார்த்தார். அந்தப் பார்வையில் ஓலையும் முத்திரையும் இல்லாமல் ஒரு தீர்ப்பு இருந்தது: வெடித்தால் நீ.

வெடித்தது.

துப்பாக்கி சுட்டதுபோல ஒரே சத்தம். தந்திகள் எல்லாம் சேர்ந்து ஒருமுறை முனகின. ஒரு சீமாட்டி விசிறியைத் தவறவிட்டாள். சுவாமியார் கையைச் சுட்டுக்கொண்டவர்போல எடுத்துக்கொண்டார். பிறகு மண்டபத்தில் கணப்பின் உறுமல் மட்டும்தான் கேட்டது. பிரெஸ்டலின் முகம் சுண்ணாம்பாகிவிட்டது. மடாதிபதி விழித்துக்கொண்டு, யாரைச் சுட்டார்கள் என்று கேட்டார்.

லிண்டாக் பாய்ந்து போய் மூடிக்குள் தலையை விட்டார். வெகு நேரம் தலையை வெளியே எடுக்கவில்லை. ஊரறிய ஏழு என்று எண்ணியவர் அவர். சற்று முன்தான் இனி வெடிக்காது என்று சத்தியம் செய்தவரும் அவர். தலையை எடுத்தபோது கண்கள் பளபளத்தன.

"எட்டு" என்றார்.



"சுவாமி, இப்படி ஒரு காட்சி ஐரோப்பாவில் எந்த அரசருக்கும் கிடைத்ததில்லை. பலகை தன் கடைசிப் பலவீனத்தை உங்கள் சன்னிதியில் கழித்துவிட்டது. இந்த நிமிஷம்தான் இந்த வாத்தியம் பூரணமாயிற்று."

மடாதிபதி அதைச் சிறிது நேரம் யோசித்தார். "நம்ம மண்டபத்துலயா?" என்றார்.

"உங்கள் கண்முன்னால்."

"நான் கண்ண மூடியிருந்தேன். ஆனா கேட்டுச்சு" என்றார் மடாதிபதி மிகவும் சந்தோஷமாக. "நல்லா கேட்டுச்சு."

முதலில் ஒருவர் தட்டினார். அப்புறம் மண்டபமே தட்டியது. இளம் சுவாமியார் பியானோவின் ஒரு கட்டையை மெல்ல அமுக்கினார். உள்ளே ஈ மாட்டிக்கொண்டதுபோல அது ரீங்கரித்தது. அவர் அதைச் சொல்ல வாயெடுத்தார். அதுதான் அந்த எட்டாவதின் குரல் என்று லிண்டாக் அவர் தோளைத் தட்டிக் கொடுத்தார். ஒட்ட வேண்டாம், அப்படியே இருக்கட்டும் என்று மடாதிபதி கட்டளையிட்டார். பிரெஸ்டல் அந்த இடத்திலேயே அரண்மனை வாத்தியத் தச்சர் ஆனார்.

மண்டியிட்டு எழுந்த பிரெஸ்டலிடம் மடாதிபதி ஒரு கேள்வி கேட்டார். "இந்த விரிசலயெல்லாம் உம்ம ஆளுங்க யாராவது பண்றாங்களா?"

பிரெஸ்டல் சுவரோரம் பார்க்கவில்லை.

"ஆளுக்கு இதுல வேலையே இல்ல சுவாமி. எல்லாம் இயற்கை. மனுஷன் கை படறதே இல்ல."

கிலியானுக்கு அப்போது நிம்மதிதான் வந்தது. பெட்டி தப்பியது. முதலாளி தப்பினார். எனவே தானும் தப்பியதாக அவன் கணக்குப் போட்டான். மடத்துச் சரிவில் இறங்கும்போது பனியில் ஓட்டமும் நடையுமாகப் போனான். சமையல்கட்டு ஜன்னலில் தட்டினான். அஃப்ரா கதவைத் திறந்ததும், "வெடிச்சிடுச்சு" என்று சிரித்தான். அவள் அவன் மூளை கலங்கிவிட்டதாக நினைத்துச் சுவரைப் பிடித்துக்கொண்டாள்.

*

மெழுகுவத்தித் திருநாளில் ஊரில் எல்லா வேலையாட்களுக்கும் வருஷம் முடியும். கோயிலில் மெழுகுவத்தி மந்திரித்து வாங்கி வந்ததும் முதலாளி ஒவ்வொருவராகக் கூப்பிடுவார். இருக்கச் சொன்னால் இருக்கலாம். இல்லையென்றால் மூட்டை கட்ட வேண்டும். பிரெஸ்டல் வீட்டில் எண்ணெய்ப் பலகார வாசனை நிறைந்திருந்தது. வெண்டலினைக் கூப்பிட்டு இருக்கச் சொன்னார். அஃப்ராவைப் பெரியம்மா கூப்பிட்டுக்கொண்டு உள்ளே போனாள், கதவைச் சாத்தினாள். கிலியானைக் கடைசியாகக் கூப்பிட்டார்.

பிரெஸ்டல் தட்டில் பலகாரம் ஒன்றை எடுத்து வைத்து அவன் பக்கம் தள்ளினார். அரண்மனைப் பட்டம் கிடைத்தபின் பட்டறை நடக்கும் விதத்தை மாற்ற வேண்டியிருக்கிறது என்றார். இனி பலகைகள் வருஷக்கணக்கில் முற்றத்தில் கிடக்கப் போவதில்லை. புதுப் பலகையையே பூட்டலாம், மீதியை அந்தந்த மாளிகையின் கணப்பு பார்த்துக்கொள்ளும். இப்போதே மூன்று பேர் தங்கள் வீட்டில் தங்கள் முன்னால் வெடிக்கிற பியானோ கேட்டிருக்கிறார்களாம்.

"அதனால பலகைக்குன்னு ஒரு ஆள் எனக்குத் தேவையில்ல கிலியான். தவிர, ஆளே இல்லன்னு சுவாமி முன்னாடி சொல்லிட்டேன். ஆள வச்சிக்கிட்டு ஆள் இல்லன்னா பொய்யாயிடும்."

கிலியான் பலகாரத்தைத் தொடவில்லை. "நாளைக்கு அலுவலகத்துக்கு வர்றதா சொன்னீங்க. வாக்குக் குடுத்தீங்க."

"அது வெறும் பிரெஸ்டல் குடுத்தது. அரண்மனை ஆள் வாக்குக்கு எடை ஜாஸ்தி. கண்டவங்களுக்கும் குடுக்கக் கூடாது."

"அப்ப நான் போய் சொல்றேன். ஏழும் நான் அறுத்ததுன்னு."

"போய் சொல்லு" என்றார் பிரெஸ்டல் சாந்தமாக. மீசையில் ஒட்டிய சர்க்கரையைத் துடைத்தார். "எட்டாவத அவரே காதால கேட்டாரு."

உள் அறைக் கதவு திறந்தது. அஃப்ரா வெளியே வந்தாள். கன்னத்தில் ஐந்து விரலும் பதிந்திருந்தன. ஏப்ரனைக் கழற்றிக் கையில் சுருட்டி வைத்திருந்தாள்.

கிலியான் நேரே மடத்து அலுவலகத்துக்குப் போனான். போக வேண்டாம் என்று அஃப்ரா சொன்னாள். வெண்டலினும் சொன்னான்: "பெரிய மனுஷன முட்டாள்னு சொல்றதுக்கு முன்னாடி வாசல் எந்தப் பக்கம்னு பாத்து வச்சிக்க." கிலியான் கேட்கவில்லை. லிண்டாக் மேசைக்குப் பின்னால் உட்கார்ந்து பொறுமையாகவே கேட்டார். ரம்பம் என்றபோது பொடி டப்பாவைத் திறந்தார். கத்தியால் பிசிறு பண்ணியதைச் சொன்னபோது மூடினார். மூன்றாவதைப் பற்றி வந்ததும் முகம் இறுகிவிட்டது.

"இயற்கையின் வேலையை நீ செய்ததாகச் சொல்கிறாய். இதற்குப் பெயர் அகங்காரம்" என்றார்.

அவன் பலகையைக் கொண்டுவரச் சொன்னான். அவர் கண்ணெதிரில் அறுத்துக் காட்டுகிறேன் என்றான். லிண்டாக் எழுத்தர் பக்கம் திரும்பினார். வேலை இல்லாதவன் ஊரில் எதற்கு நிற்கிறான் என்று கேட்டார். எழுத்தர் குனிந்து காதில் ஏதோ சொன்னார். பெரியம்மா காலைப் பூசைக்கு வந்தபோதே அஃப்ராவின் வயிற்றைப் பற்றிச் சொல்லிவிட்டுப் போயிருந்தாள்.

"ஓ" என்றார் லிண்டாக். "அந்தப் பெண்ணா."

அதற்குப் பிறகு பலகையைப் பற்றி யாரும் பேசவில்லை.

*

ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்து ஜனங்கள் வெளியே வரும்போது இருவரும் கோயில் வாசலில் நின்றார்கள். அஃப்ராவின் தலையில் வைக்கோல் பின்னிய கிரீடம். கல்யாணத்துக்கு முன் கருவுற்றவளுக்கு அதுதான் மாலை. கிலியானின் கையில் அணைந்த மெழுகுவத்தி. மத்தியான மணி அடிக்கும்வரை அப்படி நிற்க வேண்டும் என்பது மடத்துத் தண்டனை. அடித்ததும் ஊர் எல்லையைத் தாண்டிப் போய்விட வேண்டும். அவர்களுடைய மூட்டைகள் காலடியில் இருந்தன. அவனுடைய ரம்பத்தின் பிடி மூட்டைக்கு வெளியே நீட்டிக்கொண்டிருந்தது. கடந்து போனவர்களில் சிலர் அஃப்ராவின் வயிற்றைப் பார்த்து விரல்விட்டு மாதம் எண்ணினார்கள்.

"கால் வலிக்குதா?" என்று கிலியான் உதடு அசையாமல் கேட்டான்.

"வச்சிர நாத்தம் இல்ல. அதுவே போதும்."

எதிர்ச்சாரியில்தான் பிரெஸ்டலின் வீடு. முற்றத்தில் தொங்கிய பலகையை அவர் தெருச் சுவருக்கு மாற்றியிருந்தார். மேலே மடத்துச் சின்னம். பலகையின் குறுக்கே தங்க எழுத்தில் அரண்மனை வாத்தியத் தச்சர் என்று புதிதாக எழுதியிருந்தது. கிலியான் இழைத்த பலகைதான். இந்தக் குளிரிலும் அது ஒரு கீறல்கூட விடாமல் கிண்ணென்று தொங்கியது. லிண்டாக் மூன்று சீமாட்டிகளைச் சுற்றி நிற்க வைத்து மூக்குக்கண்ணாடியால் அதைச் சுட்டிப் பேசிக்கொண்டிருந்தார். பனி, துன்பம், ஆத்மா என்று அங்கிருந்து ஒவ்வொரு சொல்லாக இங்கே வந்து விழுந்தது.

அப்போது பனியோடு மழையும் சேர்ந்து அடிக்க ஆரம்பித்தது. சீமாட்டிகள் பாவாடையைத் தூக்கிக்கொண்டு வண்டிக்கு ஓடினார்கள். வைக்கோல் நனைந்து அஃப்ராவின் நெற்றியில் சரிந்தது. அதைச் சரிசெய்யக் கிலியான் கை தூக்கினான். கோயில் காவலாளி கோலால் அந்தக் கையைத் தட்டினான்.

பிரெஸ்டலின் மாடி ஜன்னல் திறந்தது.

"வெண்டலின், எங்க போய்த் தொலஞ்ச? மழையில நனையுது பாரு, தங்க எழுத்தெல்லாம் ஒழுகுது. உள்ள எடு, சீக்கிரம் எடு."

வெண்டலின் ஏணியோடு ஓடிவந்தான். பலகையைக் கொக்கியிலிருந்து கழற்றி மார்போடு அணைத்து இறக்கினான். பெரியம்மா ஒரு கம்பளிப் போர்வையோடு வாசலுக்கே வந்துவிட்டாள். மூலைகள் நனையாமல் இருவரும் சேர்ந்து அதைச் சுற்றினார்கள். ஒரு பக்கம் கொஞ்சம் தெரிந்தது. அதையும் இழுத்து மூடினார்கள். வெண்டலின் ஒருமுறை தெருவுக்கு இந்தப் பக்கம் பார்த்தான். பிறகு பலகையைத் தூக்கிக்கொண்டு உள்ளே போனான். கதவைச் சாத்தித் தாழ் போட்டார்கள்.

மணி அடிக்க இன்னும் நேரம் இருந்தது.